வாசலில் நின்று கேட்டேனா?

அன்று காலை எங்கள் வாசலில் நின்றுகொண்டு, உள்ளே வந்த அண்ணியை நான் "வாங்க" என்று கேட்டேனா, கேட்கவில்லையா? எத்தனையோ முறை யோசித்துவிட்டேன். இன்னும் எனக்குத் தெரியவில்லை.

இதில் யோசிக்க என்ன இருக்கிறது என்று சிலருக்குத் தோன்றலாம். என் கணவர் வீட்டுப் பக்கம் இது சின்ன விஷயம் இல்லை. விசேஷத்துக்கு வருகிறவர்களை ஒவ்வொருவராக முகம் பார்த்து, "வாங்க சித்தப்பா", "வாங்க அத்தாச்சி" என்று கேட்க வேண்டும். அவர்கள் "வாரேன் ஆத்தா" என்று பதில் சொல்லிவிட்டு உள்ளே போவார்கள். நாலு பேர் சேர்ந்து வந்தால் நாலு "வாங்க". கூட்டத்தைப் பார்த்துப் பொதுவாக ஒன்று போட்டால் அது யார் கணக்கிலும் சேராது. "வாங்கன்னு சொன்னா" என்றுகூட இங்கே பேச்சில்லை. "வாங்கன்னு கேட்டா" என்றுதான் சொல்வார்கள். "வாங்கன்னு ஒரு வார்த்தை கேக்கலை" என்று யாராவது ஒருவர் திரும்பிப் போனால், அடுத்த விசேஷத்துக்கு அந்த வீட்டில் இருந்து ஒருவரும் வரமாட்டார்கள்.

நான் வளர்ந்தது புதுக்கோட்டை டவுனில், பல குடித்தனங்கள் இருந்த ஒரு காம்பவுண்டில். யார் வந்தாலும் சிரித்துவிட்டு, நகர்ந்து உட்கார இடம் விடுவோம். அதுவே வரவேற்பு. கல்யாணமாகி வந்த புதிதில் இங்கேயும் அப்படித்தான் சிரித்துக்கொண்டிருந்தேன். "பல்லு நல்லாத்தான் இருக்கு, வாயத் தொறந்து கேளு ஆத்தா" என்று மாமியார் ஒரு நாள் சொன்னார். அன்றிலிருந்து கேட்கிறேன். தேவைக்கு அதிகமாகவே கேட்கிறேன். கேஸ் சிலிண்டர் கொண்டு வருகிறவரைக்கூட "வாங்க" என்று கேட்டிருக்கிறேன்.

கீரமங்கலத்துக்கு வெளியே, மெயின் ரோட்டில் இருந்து உள்ளே தள்ளி, சின்னதாக ஒரு வீடு கட்டினோம். சித்திரையில் பால் காய்ச்சினோம். வீட்டை விட எனக்கு முக்கியமான இன்னொரு காரியமும் அந்தச் சமயத்தில் கூடி வந்தது. நான் கணக்கில் பட்டம் வாங்கி, பி.எட். முடித்தவள். மகள் பிறந்தபின் வீட்டிலேயே இருந்தேன். பக்கத்தில் ஒரு தனியார் பள்ளியில் கணக்கு டீச்சர் வேலை கிடைத்தது. ஜூனில் பள்ளி திறக்கும்போது சேர வேண்டும். மகளுக்கு இரண்டு வயது ஆகவில்லை. என் அம்மாவுக்கு அங்கே அண்ணன் பிள்ளைகளைப் பார்ப்பதற்கே நேரம் போதாது. மாமியார், மூத்த மகனோடு குளத்தூரில் இருக்கிறார். அவருக்கு முழங்கால் வலி. மகள் ஒரு இடத்தில் நிற்காமல் ஓடுகிறவள்.

அப்போது, "எங்கிட்ட கொண்டாந்து விடு, நான் பாத்துக்கிர்றேன்" என்று தானாகவே சொன்னவர்தான் இந்த அண்ணி. என் கணவரின் பெரியப்பா மகள், அவருக்கு அக்கா முறை. எங்கள் புது வீட்டில் இருந்து இரண்டு தெரு தள்ளி இருக்கிறார். அவர் கணவர் சிங்கப்பூரில், மகன் திருப்பூரில். வீட்டில் ஒற்றை ஆள். அவர் சொன்ன அன்று எனக்கு வந்த நிம்மதியை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. உடனே பள்ளிக்கு போன் செய்து சேர்கிறேன் என்று சொல்லிவிட்டேன்.

பால் காய்ச்சிய அன்று விடிந்ததில் இருந்து ஆட்கள் வர ஆரம்பித்தார்கள். வாசலில் நின்று கேட்கும் வேலை எனக்கு. இடுப்பில் மகள். பட்டுப் பாவாடை உறுத்துகிறது என்று நெளிந்துகொண்டே இருந்தாள். பந்தலின் ஒரு காலில் ரேடியோ செட்காரர் ஸ்பீக்கரைக் கட்டியிருந்தார். அது என் காதுக்கு நேராக இருந்தது. சாமி பாட்டு அலறியது. பக்கத்தில் நின்று பேசினாலும் வாய் அசைவதுதான் தெரிந்தது.

அண்ணி தன் தெருப் பெண்கள் சிலரோடு வந்தார். மாம்பழக் கலரில் சேலை. கையில் எவர்சில்வர் தாம்பாளம். முன்னால் வந்தவர்களை "வாங்க, வாங்க" என்று கேட்டேன். அதில் சந்தேகம் இல்லை. அண்ணி என் எதிரில் வந்த அந்த நொடியில் மகள் என் காதுத் தோட்டைப் பிடித்து இழுத்தாள். வலியில் தலையைச் சாய்த்தேன். அவள் விரலைப் பிரித்து எடுத்தேன். நிமிர்ந்தபோது அண்ணி உள்ளே போய்க்கொண்டிருந்தார். முதுகுதான் தெரிந்தது.

தலையைச் சாய்ப்பதற்கு முன்னால் "வாங்க அண்ணி" என்றேன் என்றுதான் என் நினைப்பு. வாய் திறந்தது போல இருக்கிறது. ஆனால் திறக்க நினைத்ததைத் திறந்ததாக நினைத்துக்கொள்கிறேனோ?

அப்போது அதைப் பற்றி ஒன்றும் தோன்றவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, சாப்பாட்டுப் பந்தலில் இருந்து மாமியார் வந்தார்.

"ஏத்தா, அவ எங்கிட்டுப் போனா? பந்தியில ஆளக் காணமே."

"யாரு அத்தை?"

"பெரியவரு மக. ஒன் மகளப் பாத்துக்கிர்றேன்னவ."

வீட்டுக்குள் தேடினோம். கொல்லையில் பார்த்தோம். இலை எடுத்துக்கொண்டிருந்த பெண், "மாம்பழக் கலரு சேலதானே? அவுங்க அப்பவே போயிட்டாங்களே" என்றாள்.

மாமியார் இடுப்பில் கை வைத்துக்கொண்டார். "சாப்பிடாமயா? கூடப் பொறந்தது மாதிரி உள்ளவ, தம்பி வீட்டு விசேஷத்துல கை நனைக்காமப் போறதாவது. நீ வாங்கன்னு கேட்டியா?"

"கேட்டேன் அத்தை."

சொல்லி முடிப்பதற்குள் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. கேட்டேனா?

"கேட்டா சரி" என்றார் மாமியார். ஆனால் என்னைப் பார்த்த பார்வை சரி என்பது போல இல்லை. அதுவும் என் கற்பனையாக இருக்கலாம். அன்றைக்குப் பிறகு எது நடந்தது, எது என் கற்பனை என்று பிரிக்கவே முடியாமல் போனது.

மறுநாளே அண்ணிக்கு போன் செய்தேன். "என்ன அண்ணி, நேத்து சாப்பிடாமப் போயிட்டீங்களாம்" என்று கேட்க வேண்டும். நேராகக் கேட்டால் முடிந்தது. ஆனால் அவர் "நீ வாங்கன்னே கேக்கலையே" என்று சொல்லிவிட்டால் அதற்கு என் பதில் என்ன? கேட்டேன் என்று அடித்துச் சொன்னால் அவரைப் பொய்க்காரி ஆக்குவதாகும். கேட்கவில்லை என்று ஒத்துக்கொண்டால், ஒருவேளை கேட்டிருந்தால்? இதையெல்லாம் யோசித்துக்கொண்டிருக்கும்போதே அவர் எடுத்துவிட்டார்.

"நல்லா இருக்கீங்களா அண்ணி?"

"இருக்கேன், இருக்கேன்."

"வெயிலு ரொம்ப அடிக்கிதுல்ல?"

"அடிக்கிது. சரி ஆத்தா, அடுப்புல பாலு கெடக்கு" என்று வைத்துவிட்டார்.

மத்தியானம் இரண்டு மணிக்கு யாராவது பால் காய்ச்சுவார்களா? அதையே பிடித்துக்கொண்டு சாயங்காலம் வரை உட்கார்ந்திருந்தேன். டீ போட்டிருக்கலாம், அந்த நேரத்தில் டீ குடிக்கிறவர்கள் இருக்கிறார்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பால்காய்ச்சலுக்கு எடுத்த போட்டோக்களில் அண்ணி நன்றாக விழுந்திருந்த ஒன்றை வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். பார்த்துவிட்டார் என்று காட்டியது. ஒரு கட்டைவிரல் மட்டும் வந்தது. வழக்கமாக ரோஜாப்பூ, கும்பிடும் கை, இரண்டு கிளி என்று வரிசையாக அனுப்புகிறவர்.

அடுத்த வாரம் கடைவீதியில் பூக்கடைக்கு முன்னால் அவரைப் பார்த்தேன். அவரும் என்னைப் பார்த்தார் என்றுதான் நினைக்கிறேன். மகளின் செருப்பு வாரைச் சரி செய்வது போலக் குனிந்தேன். அது சரியாகத்தான் இருந்தது. நிமிர்ந்தபோது அண்ணி அங்கே இல்லை.

என் கணவரிடம் சொன்னேன். அவர் பைக் மெக்கானிக். எந்தச் சத்தம் கேட்டாலும் கழற்றிப் பார்த்துவிட வேண்டும் என்று நினைப்பவர்.

"போயி கேட்டுற வேண்டியதுதானே."

"என்னன்னு கேக்குறது?"

"ஏன்க்கா சாப்பிடாமப் போனீங்கன்னு."

"அது அவுங்கள குத்தம் சொல்ற மாதிரி ஆயிறாதா?"

"அப்ப கேக்காத."

"கேக்காம இருந்தா, நமக்கு அக்கறையே இல்லைன்னு நெனைக்க மாட்டாங்களா?"

அவர், "நீ பள்ளிக்கூடத்துல கணக்கு நடத்துனா புள்ளைக பாடு பாவந்தான். ஒரு கணக்குக்கு நாலு விடை போடுவ" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். சிரிப்புதான் வந்தது. அந்தச் சிரிப்பு கொஞ்ச நேரம்கூட நிற்கவில்லை.

பிறகு, பால் காய்ச்சிய அன்று எடுத்த வீடியோ வந்தது. எனக்கு உயிர் வந்தது. போட்டு ஓட்டிப் பார்த்தேன். அண்ணி வரும் இடத்தில் நிறுத்தினேன். பின்னால் போனேன், மறுபடி ஓட்டினேன். வீடியோக்காரர் அந்த இடம் முழுவதும் ஒரு நாதஸ்வர இசையைப் போட்டிருந்தார். ஒரு பேச்சும் கேட்கவில்லை. வாய் அசைவாவது தெரியுமா என்று பெரிதாக்கிப் பார்த்தால், அந்த நொடியில் அண்ணியின் தாம்பாளம் சரியாக என் வாயை மறைத்தது. தாம்பாளத்துக்கு மேலே என் கண் தெரிந்தது. கண்ணைப் பார்த்தால் "வாங்க" என்று கேட்பவளின் கண் மாதிரிதான் இருந்தது. இதைப் படிக்கிறவர்கள் சிரிக்கலாம். நான் அதை எத்தனை தடவை பார்த்தேன் என்று சொல்ல எனக்கே கூச்சமாக இருக்கிறது. கூடவே உட்கார்ந்து பார்த்த மகள், அண்ணி திரையில் வரும்போதெல்லாம் "அத்த, அத்த" என்று கையைத் தட்டினாள்.

மே மாதக் கடைசியில் பள்ளியில் இருந்து போன் வந்தது. "மேடம், கன்ஃபார்ம்தானே? டைம்டேபிள் போடுறோம்." கன்ஃபார்ம்தான் என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான் உறைத்தது. மகளை யாரிடம் விடுவேன்? அண்ணியிடம் கேட்டு அவர் முகத்தைச் சுளித்தால் வேலையும் போய்விடும், உறவும் போய்விடும். கேட்காமல் மகளைத் தூக்கிக்கொண்டு முதல் நாள் அவர் வாசலில் போய் நிற்கவும் முடியாது. எப்படியும் போய்த்தான் ஆக வேண்டும்.

வெறுங்கையோடு போகப் பயந்து பலாச்சுளை வாங்கினேன். எங்கள் பக்கம் அந்த மாதத்தில் பலாப்பழம் இல்லாத வீடு கிடையாது. அவர் வீட்டிலும் இருக்கும். இருந்தாலும் வாங்கினேன். போகும் வழியெல்லாம் வசனம் மாதிரி சொல்லிப் பார்த்துக்கொண்டேன். "அண்ணி, அன்னைக்கு ஸ்பீக்கர் சத்தத்துல..." என்று ஆரம்பிப்பதா? "மனசுல எதும் வச்சுக்காதீங்க அண்ணி" என்பதா? அவர் மனதில் ஒன்றும் இல்லை என்றால், இதைச் சொல்லி நானே எதையாவது கிளப்பிவிட்டது போல ஆகிவிடுமே.

அண்ணி கொல்லைப்புறத்தில் உட்கார்ந்து புளி உடைத்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் முறத்தைத் தள்ளிவிட்டு எழுந்தார். எழுந்த வேகத்தில் இரண்டு கொட்டை சிதறியது.

"வா ஆத்தா. வா, வா. புள்ளையும் வந்துருக்கா. வாங்க தங்கம்."

இத்தனை "வா". கோபம் உள்ளவர் இப்படிக் கேட்பாரா? அல்லது எப்படிக் கேட்பது என்று எனக்குக் காட்டுகிறாரா? (உண்மையாகவே அப்படித்தான் நினைத்தேன்.)

பலாச்சுளையைக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டார், பிரித்துப் பார்க்கவில்லை. என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"தம்பி எதுவும் சொல்லிச்சா?"

"எதப் பத்தி அண்ணி?"

"இல்ல, சும்மா. சின்னம்மா? சின்னம்மா எதுவும் பேசுச்சா?" சின்னம்மா என்றது என் மாமியாரை.

"அத்தை ஒண்ணும் பேசலையே."

"பேசாம இருக்காது."

நான் மெல்ல, "அண்ணி, அன்னைக்கு நீங்க சாப்பிடாம..." என்று ஆரம்பித்தேன்.

"சரி" என்றார் அண்ணி, என்னை முடிக்க விடாமல். "ஒனக்குத் தெரிஞ்சு போச்சு. எனக்கு அப்பவே தெரியும், தெரிஞ்சுருக்கும்னு. நானே சொல்லிர்றேன். நான் கறி திங்கப் போனேன்."

எனக்கு ஒன்றும் புரியவில்லை.

"அன்னைக்கு எங்க தெருவுல ஒரு வீட்டுக்குக் காதுகுத்து. கோட்டைப்பட்டினத்துப் பக்கம் அவுகளுக்குக் குலதெய்வம். கெடா வெட்டு. காலையிலயே வேனு கெளம்புறதா இருந்துச்சு. ஒன் வாசல்ல தாம்பாளத்தக் குடுத்துட்டு, நாலு இட்லி சாப்பிட்டுப் போலாம்னுதான் வந்தேன். எங்கூட வந்தாளுகள்ல ஒருத்தி, அவதான் கெடுத்தது. 'இங்கிட்டு இட்லியும் கேசரியும் தின்னுட்டு வந்தீகன்னா அங்கிட்டு கறி எறங்காது அத்தாச்சி'ன்னா. எனக்கும் சரின்னு பட்டுச்சு."

"கறி திங்கவா அண்ணி?"

"ஏன், நான் மனுசி இல்லையா? திருவிழாவுக்குக் காப்புக் கட்டி, ஊரே கவுச்சி இல்லாமக் கெடந்தோம். காப்பு அவுத்த பெறகு எல்லாரும் கறி எடுத்தாங்க. ஒத்தப் பொம்பள, எனக்காக ஒரு கால் கிலோவ வாங்கி அரைச்சு வதக்கி... யாரு செய்யிறது? ஒன் வீட்டுல பால்காச்சு. சாம்பாரத் தவிர என்ன போடுவ?" சொல்லிவிட்டு, குரலைத் தணித்தார். "நல்லாத்தான் இருந்துச்சு. குடலு ரொம்ப நல்லா இருந்துச்சு."

நான் சிரித்துவிட்டேன். வாயைப் பொத்திக்கொண்டும் நிற்கவில்லை. அண்ணி முதலில் சந்தேகமாகப் பார்த்தார். பிறகு அவரும் சிரித்தார். ஆனால் அவருக்கு ஆற்றாமை இருந்தது, தொடர்ந்து பேசினார்.

"நீ சிரிக்கிற. நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். மறுநா நீ போன் போட்டு வெயிலப் பத்தி விசாரிச்ச பாரு, அப்பவே எனக்கு விளங்கிருச்சு. எந்த ஊருல யாரு போன் போட்டு வெயில விசாரிக்கிறா? குத்திக் காட்டத்தான் போட்டுருக்கன்னு அடுப்புல பாலு கெடக்குன்னு வச்சுட்டேன். பெறகு போட்டோ அனுப்புன. நான் தாம்பாளத்தோட நிக்கிற போட்டோ. வந்தீகளே, ஆனா சாப்பிட்டீகளான்னு நீ கேக்குற மாதிரி. அதுக்கு என்னத்தப் பதில் போடுறது?"

"அய்யோ அண்ணி, அதுல நீங்க அழகா இருந்தீங்கன்னு அனுப்புனேன்."

"பூக்கடையில என்னையப் பாத்துட்டு, குனிஞ்சு செருப்பப் பாத்தேல்ல?"

"அது, அவ செருப்பு வாரு..."

"வாரு நல்லாத்தான் இருந்துச்சு. நான் பாத்தேன்."

மகள் இதற்குள் கொல்லையில் ஓட ஆரம்பித்திருந்தாள். நான் பதறி அவள் பின்னால் போனேன். தரையோடு இருந்த சிமெண்டுத் தண்ணீர்த் தொட்டிக்கு அருகில் போய்விட்டாள். அந்தத் தொட்டி திறந்தே கிடக்கும், எனக்குத் தெரியும். அன்று அதன் மேல் ஒரு தகரம் போட்டு, நாலு மூலையிலும் கருங்கல் வைத்திருந்தது. கிணற்றடிக்குப் போகும் வழியில் பழைய கட்டில் சட்டம் ஒன்றைக் குறுக்காகச் சாத்திக் கயிற்றால் கட்டியிருந்தது.

"புதுசா இருக்கே அண்ணி" என்றேன்.

"பின்ன, இவ சும்மா இருப்பாளா? நான் பாத்துக்கிர்றேன்னு சொன்னன்னைக்கே போட்டுட்டேன்." குனிந்து, தகரத்தின் மேல் இருந்த ஒரு கல்லை நகர்த்தி வைத்தார். பிறகு என்னைப் பார்க்காமலே, "பெறகு நீ வரலையா. கறிக்காகப் போனவகிட்ட புள்ளைய எதுக்கு விடணும்னு வேற எடம் பாத்துட்டியோன்னு நெனைச்சேன். அந்தத் தகரத்த எடுத்துறலாமான்னுகூடப் பாத்தேன். ஒரு ஆசையில விட்டுட்டேன்" என்றார்.

"பள்ளிக்கூடம் திங்கக்கிழமை தொறக்குது அண்ணி" என்று மட்டும் சொன்னேன். வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்ட வசனங்களில் ஒன்றையும் சொல்லவில்லை.

"எத்தன மணிக்குக் கொண்டாருவ?"

"எட்டேகாலுக்கு."

"இட்லி குடுத்துட்டுக் கொண்டாருவியா, இல்ல நான் குடுக்கவா?"

"நான் குடுத்துட்டே வாரேன்."

"வேணாம், இங்க வந்து சாப்பிடட்டும்" என்றார்.

கிளம்பும்போது வாசல் வரை வந்து, என் கையைப் பிடித்துக்கொண்டார். "அந்தக் கறி விசயம் சின்னம்மாவுக்குப் போக வேணாம்." சரி என்றேன். திரும்பி வரும்போது வெயில் நன்றாகவே அடித்தது. எனக்கு உடம்பு லேசாக இருந்தது. மகள் தோளில் தூங்கிப் போனாள். அவள் கனம்கூடத் தெரியவில்லை. வீட்டுக்கு வந்து ஒரு செம்புத் தண்ணீர் குடித்துவிட்டு, ஃபேனைப் போட்டு, தரையில் படுத்தேன். எத்தனையோ நாட்களுக்குப் பிறகு எதையும் யோசிக்காமல் தூங்கினேன்.

இப்போது வேலைக்குப் போகிறேன். மகள் அண்ணி வீட்டில் நன்றாக இருக்கிறாள். நான் விட்டுவிட்டுக் கிளம்பினால் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. அது ஏன் என்று நான் யோசிக்காமல் இருக்க முயற்சி செய்கிறேன். அண்ணி வாட்ஸ்அப்பில் மறுபடி கிளிகள் அனுப்புகிறார். ஸ்டாஃப் ரூமில் இருந்து அதைப் பார்த்தால் மனது நிறைந்துவிடுகிறது.

ஒன்றே ஒன்றுதான் பாக்கி. அண்ணி தன் பக்கத்தை முழுவதும் என்னிடம் கொட்டிவிட்டார். நான் என் பக்கத்தைச் சொல்லவே இல்லை. அவர் சாப்பிடாமல் போனதற்கு நான் கேட்காததுதான் காரணம் என்று தவித்தது, வீடியோவை ஓட்டி ஓட்டிப் பார்த்தது, எதுவும் அவருக்குத் தெரியாது. நான் குத்திக் காட்டத்தான் போன் செய்தேன் என்று அவர் இன்னும் கொஞ்சம் நம்புகிறார் என்று நினைக்கிறேன். பேச்சில் எப்போதாவது "வெயிலு எப்புடி?" என்று கேட்டுச் சிரிக்கிறார். உள்ளதைச் சொல்லிவிட்டால் அந்த எண்ணம் போய்விடும். ஆனால் சொன்னால், "அப்ப நீ அன்னைக்கு என்னைய வாங்கன்னு கேக்கலையா?" என்று அவர் நினைக்க ஆரம்பித்துவிட்டால்? இதுவரை அவருக்கு அந்தச் சந்தேகமே வந்ததில்லை. நானே போய் அதைக் கொடுப்பதா?

என் கணவரிடம் கேட்டால் என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும். அதனால் உங்களிடம் கேட்கிறேன். உங்கள் வீடுகளிலும் இப்படி உறவுகள் இருக்கும், என்னைப் போல யோசிக்கிறவர்களும் இருப்பீர்கள். அண்ணியிடம் சொல்லிவிடலாமா, அல்லது இப்படியே விட்டுவிடலாமா? சொல்லலாம் என்றால், எந்த வார்த்தையில் ஆரம்பிப்பது என்பதையும் சேர்த்து எழுதுங்கள். தயவுசெய்து கொஞ்சம் விவரமாக எழுதுங்கள்.